ஒரு கிலோ கூடுதல்

காலை ஐந்தரைக்கு அலாரம் அடிக்கும். அதற்கு முன்பே விழித்திருப்பேன். பால் காய்ச்சுவேன். நான்கு முட்டைகளை அடுப்பில் வைப்பேன். இரண்டு என் பெண்ணுக்கு, இரண்டு எனக்கு. முட்டை வேக ஒன்பது நிமிடம். அந்த ஒன்பது நிமிடத்தில் அவளுக்குக் கொண்டை போட்டுவிடுவேன். முடியை இறுக்கி வாரி, முறுக்கி, சுற்றி, பதினான்கு ஊசி குத்த வேண்டும். முதல் வாரத்தில் முப்பது ஊசி ஆனது. இப்போது பதினான்கு போதும். அவள் கண்ணாடியில் பார்த்துவிட்டுத் தலையை நாலு முறை உலுக்குவாள். ஊசி விழாவிட்டால் தேர்ச்சி.

அவளுக்குப் பதினொரு வயது. பெயர் வேறு, வீட்டில் பம்பரம். அவள் அம்மா வைத்தது. நடக்கப் பழகும் முன்பே சுற்றப் பழகிவிட்டாள் என்பாள்.

"முட்டையை டப்பாவுல போட்டுக் குடுங்கப்பா. வழியில சாப்பிட்டுக்கறேன்."

டப்பாவை வாங்கிக்கொண்டு முதலில் கீழே இறங்கிவிடுவாள். நான் அடுப்பை அணைத்து, வீட்டைப் பூட்டி, ஷூவை மாட்டிக்கொண்டு மூன்று மாடி இறங்க நான்கு நிமிடம் ஆகும். ஸ்கூட்டர் அருகே காலி டப்பாவோடு நிற்பாள். ஆறே காலுக்கு ஜிம்னாஸ்டிக்ஸ் கூடத்தின் வாசலில் இறக்கிவிடுவேன். எட்டு மணிக்கு என் மைத்துனி வந்து பள்ளிக்கு அழைத்துப் போவாள். மாலையில் நான். பதினான்கு மாதங்களாக இப்படித்தான். இதில் ஒரு நாளும் பிசகு இல்லை. அதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, குப்பையைக் கொட்டிவிட்டுத் திரும்பும்போது வாசலில் காவலாளி அண்ணன் எழுந்து நின்றார்.

"சார், தப்பா நெனைக்கலன்னா ஒண்ணு சொல்லவா?"

"சொல்லுங்க."

"மேனேஜருக்கு முட்டையைக் கொஞ்சம் குறைச்சுக்கச் சொல்லுங்க சார்."

மேனேஜர் என்பது எங்கள் குடியிருப்பின் நாய். நாள் முழுக்க வாசலில் படுத்துக்கொண்டு, வருகிறவர் போகிறவரை அரைக்கண்ணால் பார்க்கும். வேலை எதுவும் செய்யாது. அதனால் அந்தப் பெயர்.

"எந்த முட்டை?"

"பாப்பா குடுக்கற முட்டைதான் சார். தினம் ரெண்டு. முன்னெல்லாம் திருட்டுப் பூனையைப் பார்த்தா துரத்திட்டு ஓடுவான். இப்ப பூனை இவனைப் பார்த்துட்டு உக்காந்துக்குது."

மேனேஜரைப் பார்த்தேன். ரோமம் பளபளத்தது. வயிறு தரையைத் தொட்டுக்கொண்டிருந்தது. என்னைப் பார்த்து வாலை ஒரு முறை அசைத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டது.

"எவ்வளவு நாளா?"

"ரெண்டு மாசம் இருக்கும். உங்களுக்குத் தெரியும்னு நெனைச்சேன் சார்."

மேலே போனேன். பெண் கூடத்தில் தலைகீழாக நின்று புத்தகம் படித்துக்கொண்டிருந்தாள். நான் எதுவும் கேட்கவில்லை. எனக்கு வேலை எடை அளவுத் துறையில். கடை கடையாகப் போய்த் தராசு சரியாக இருக்கிறதா என்று சோதிக்கும் ஆய்வாளன். கடைக்காரரிடம் கேள்வி கேட்டால் கதை கிடைக்கும். அதனால் முதலில் தராசைப் பார்ப்போம்.

மறுநாள் திங்கட்கிழமை. அலுவலகத்துக்கு அரை நாள் விடுப்பு சொல்லிவிட்டு, அவளை இறக்கிவிட்டதும் போகாமல் மாடிக்கு ஏறினேன். பயிற்சிக் கூடத்துக்குள் பெற்றோருக்கு இடமில்லை. மாடியில் கண்ணாடி போட்ட ஒரு நீளமான அறை, அங்கே பெஞ்சுகள். என் மனைவி இருந்தவரை வாரம் மூன்று நாள் அங்கே உட்கார்ந்திருப்பாள். நான் அதற்கு முன் ஏறியதே இல்லை.

பன்னிரண்டு பெண் பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். வரிசையின் முனையில் ஒரு முள் தராசு. அதன் பக்கத்தில் கோச் மேடம், கையில் அட்டை, கழுத்தில் விசில். பெற்றோர்கள் அவர் இல்லாதபோது விசில் மேடம் என்பார்கள். சுவரில் ஒரு பெரிய விளக்கப்படம்: பெயர்கள், தேதிகள், எடைகள், சிலவற்றைச் சுற்றிச் சிவப்பு வட்டம்.

ஒவ்வொருத்தியும் ஏறுவதற்கு முன் ஏதாவது செய்தாள். ஒருத்தி வளையலைக் கழற்றினாள். ஒருத்தி கன்னத்தை உப்பி மூச்சையெல்லாம் ஊதினாள். ஒருத்தி ஒற்றைக் காலில் ஏறினாள். எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு என் பெண்ணின் முறை வந்தது. அவள் தலையிலிருந்து ஊசிகளை ஒவ்வொன்றாக உருவி, பின்னால் நின்றவளின் உள்ளங்கையில் வைத்தாள். பதினான்கு. முடி அவிழ்ந்து தோளில் விழுந்தது. ஏறினாள். மேடம் எழுதினார். இறங்கி, வாயில் ஊசிகளைக் கவ்விக்கொண்டு தானே கொண்டையைச் சுற்றினாள்.

திங்கட்கிழமை மாலைகளில் மட்டும் கொண்டை கோணலாக இருக்கும். என் கைவேலை சரியில்லை என்று நினைத்திருந்தேன்.

ஒரு ஊசி அரை கிராம். பதினான்கு ஊசிக்கு ஏழு கிராம். அந்தத் தராசில் ஒரு கோட்டுக்கும் அடுத்த கோட்டுக்கும் இடையே அரை கிலோ.

கீழே இறங்கி, ஷூவைக் கழற்றிவிட்டு, காலுறையோடு உள்ளே போனேன்.

"சார், பேரண்ட்ஸ் மேலதான் உக்காரணும்," என்றார் மேடம்.

"தெரியும் மேடம். நான் பேரண்டா வரல. தராசைப் பார்க்க வந்தேன்."

பெண் என்னைப் பார்த்து, கண்ணாலேயே 'போங்கப்பா' என்றாள். நான் மண்டியிட்டேன். தராசின் முகப்பில் பூஜ்யத்தையும் ஒன்றையும் மறைத்து ஒரு நட்சத்திர ஸ்டிக்கர். யாரோ ஒரு பிள்ளை அழகுக்கு ஒட்டியது. நகத்தால் உரித்தேன். தராசின் மேல் யாரும் இல்லை. முள் ஒன்றில் நின்றது.

ஸ்கூட்டர் பெட்டியில் எப்போதும் ஐந்து கிலோ சோதனைக்கல் வைத்திருப்பேன். போய் எடுத்து வந்து வைத்தேன்.

"ஆறு காட்டுதே," என்றார் மேடம்.

"ஆமா."

"கல்லு தப்பா இருக்குமோ?"

"கல்லு போன மாசம்தான் சோதிச்சது. உங்க பிள்ளைங்க கையில பூசிக்கற வெள்ளைப் பொடி உள்ள போயிருக்கு மேடம். ஸ்பிரிங்ல அப்பிக்கிட்டு முள் ஜீரோவுக்குத் திரும்ப மாட்டேங்குது. ஸ்டிக்கர் மறைச்சிட்டதால யாருக்கும் தெரியல."

"அப்ப எல்லாருக்கும்..."

"எல்லாருக்கும் ஒரு கிலோ கூட."

மேடம் கையிலிருந்த அட்டையைக் கீழே வைத்தார். பிறகு விசிலைக் கழற்றி என்னிடம் கொடுத்தார். செருப்பைக் கழற்றினார். தராசில் ஏறினார். கீழே குனிந்து பார்த்தார். உதடு அசைந்தது, ஒன்றைக் கழித்துக்கொண்டிருந்தார்.

"சார்," என்றார் தாழ்ந்த குரலில், "நான் ராத்திரி சாப்பாட்டை விட்டுப் பத்து மாசம் ஆச்சு."

முன்பு ஊசிகளை வாங்கி வைத்திருந்த பிள்ளை கேட்டாள்: "மிஸ், அப்ப நீங்க முதல்லயே ஒல்லிதானா?"

வரிசை முழுவதும் வெடித்துச் சிரித்தது. மேடம் விசிலைத் தேடினார். அது என் கையில் இருந்தது.

பிள்ளைகளை ஓடவிட்டு, என்னைச் சுவரோரம் அழைத்துப் போனார்.

"நான் கெட்டவ இல்ல சார். எடை கூடிட்டே போய் பீம் கட்டை மேல தாவினா மணிக்கட்டு தாங்காது. அதுக்குத்தான் இந்த விளக்கப்படம். சிவப்பு வட்டம் விழுந்தா அந்த வாரம் பீம் கிடையாது. அவ்வளவுதான். சாப்பிடாதீங்கன்னு நான் ஒரு நாளும் சொன்னதில்ல."

"நீங்க சொல்ல வேண்டியதில்ல மேடம். என் வீட்டு முட்டையை ரெண்டு மாசமா நாய் தின்னுது."

"உங்க பொண்ணா?"

"அவளுக்குப் போன வருஷத்தைவிட நாலு சென்டிமீட்டர் உயரம் கூடியிருக்கு. எடை மட்டும் அப்படியே நிக்குது. உயரத்துக்கு ஏத்த எடை வேணும்ல."

அவர் விளக்கப்படத்தைப் பார்த்தார். நானும் பார்த்தேன். என் பெண்ணின் பெயருக்கு நேராக நான்கு சிவப்பு வட்டங்கள். எல்லாமே வரம்பை அரை கிலோவுக்குள் தாண்டியதற்கு.

என் பையில் சிவப்புச் சீட்டு உண்டு. 'நிராகரிக்கப்பட்டது' என்று எழுதியிருக்கும். தேறாத தராசில் ஒட்டுவோம். ஒன்றை எடுத்துத் தராசின் முகத்தில் ஒட்டிக் கையெழுத்துப் போட்டேன். வியாபாரத்துக்குப் பயன்படாத தராசு என் அதிகாரத்தில் வராது. அதை மேடத்திடம் சொல்லவில்லை.

"எப்ப சரி பண்ணித் தருவீங்க?"

"ஆபீஸ்ல வேலை நெருக்கடி மேடம். எப்படியும் ஒரு வருஷம் ஆகும்."

அவர் என்னை உற்றுப் பார்த்தார். அவருக்கு விஷயம் புரிந்துவிட்டது. விளக்கப்படத்தை ஆணியிலிருந்து கழற்றி, சுவர்ப்பக்கம் முகம் திருப்பி மாட்டினார். கிழிக்கவில்லை. அது போதும் என்று எனக்குத் தோன்றியது.

வேலை முடிந்தது என்று நினைத்தேன். முடியவில்லை.

அன்று மாலை மேசையில் சோறு வைத்தேன். பெண் தட்டில் இருந்ததைப் பாதியாகப் பிரித்து, ஒரு பாதியை ஓரமாக ஒதுக்கினாள்.

"தராசு தப்புன்னு தெரிஞ்சுபோச்சுல்ல? சாப்பிடு."

"ஒரு கிலோ கம்மியா இருக்கேன்னா நல்லதுதானேப்பா. அப்படியே இருந்துக்கறேன்."

"எதுவரைக்கும்?"

"டீம் தேர்வு முடியற வரைக்கும். பன்னெண்டு நாள்தான்."

"அப்புறம்?"

"அப்புறம் அடுத்த தேர்வு வரும்."

குரலில் அழுகை இல்லை. நாளைக்கு மழை வரும் என்பதுபோலச் சொன்னாள். அதுதான் என்னை உட்கார வைத்தது.

"உனக்கு டீமுக்குப் போக அவ்வளவு ஆசையா?"

"ஆசை இல்லன்னாலும் போகணும்லப்பா. அம்மா கடைசியா அதைத்தானே சொன்னாங்க."

இங்கே நான் ஒன்று சொல்ல வேண்டும். என் மனைவிக்குப் பித்தப்பையில் கல். ஆபரேஷன் ஒரு மணி நேர வேலை என்றார்கள். பெரும்பாலும் அப்படித்தான். அவளுக்கு மயக்கம் தெளியவில்லை. யார் மீதும் தப்பில்லை. காகிதங்களை எல்லாம் நான் படித்துப் பார்த்தேன். அன்று ஆஸ்பத்திரி நடைக்கூடத்தில் மைத்துனி என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, "அத்தான், அக்கா கடைசியா என்ன சொன்னா?" என்று கேட்டாள். சுற்றிலும் பத்துப் பேர் நின்றார்கள். என் சட்டைப்பையில் ஒரு காலி பிஸ்கட் உறை இருந்தது. உண்மையைச் சொல்ல வாய் வரவில்லை. "பம்பரத்தை மேல கொண்டு வரணும்னு சொன்னா," என்றேன். வாயில் வந்தது அதுதான்.

மைத்துனி அதை எல்லோரிடமும் சொன்னாள். கோச் மேடத்திடமும் சொன்னாள். போட்டிகளில் என் பெண் மேடை ஏறும் முன் மேடம் அவள் காதில் அதைச் சொல்வார் என்று எனக்குத் தெரியும். நல்லெண்ணத்தில்தான். பதினான்கு மாதங்களாக அந்த வாக்கியம் ஊரைச் சுற்றிக்கொண்டிருந்தது. நான் அதைச் சோதிக்கப் போகவில்லை.

இப்போது சொன்னால் அவளிடம் இருக்கும் ஒரே கடைசி வார்த்தையும் போய்விடும். சொல்லாவிட்டால் அந்தப் பாதித் தட்டு அப்படியே இருக்கும்.

"பம்பரம், அம்மா அப்படிச் சொல்லல."

அவள் நிமிர்ந்தாள்.

"நான்தான் சொன்னேன். சித்தி கேட்டப்போ ஏதோ ஒண்ணு சொல்லணுமேன்னு சொல்லிட்டேன்."

"பொய்யா?"

"பொய்தான்."

"நீங்களா?" என்றாள். பொய்யைவிட, அதை நான் சொன்னதுதான் அவளுக்கு ஆச்சரியமாக இருந்தது.

"நான்தான்."

"அப்ப அம்மா எதுவுமே சொல்லலயா?"

"சொன்னா."

அதைச் சொன்னேன். சிறிய வாக்கியம்தான். சொல்லி முடிக்க ஐந்து நொடிகூட ஆகவில்லை. அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தின்னீங்களா?"

"தின்னேன்."

"எல்லாத்தையுமா?"

"வெளிய உக்காந்திருந்தேன். கை சும்மா இருக்கல. எல்லாத்தையும்."

அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். அழப் போகிறாள் என்று நாற்காலியை நகர்த்தினேன். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். முதலில் தோள் குலுங்கியது, பிறகு மேசை குலுங்கியது. நடுவில் கொஞ்சம் அழவும் செய்தாள். ஆனால் சிரிப்பை நிறுத்தவில்லை. எனக்கும் தொற்றிக்கொண்டது. எவ்வளவு நாளாயிற்று என்று கணக்குப் பார்க்கவில்லை.

"அம்மா மாதிரியே சொன்னீங்கப்பா," என்றாள் மூக்கைத் துடைத்துக்கொண்டு. பிறகு ஓரத்தில் ஒதுக்கிய பாதியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

சாப்பிட்டபடியே பேசினாள். தரையில் சுழலப் பிடிக்கும். பீமும் பிடிக்கும். பத்து சென்டிமீட்டர் அகலக் கட்டைமேல் பின்பக்கமாகத் தாவுவது மட்டும் பிடிக்காது.

"ஏன்?"

"பயமா இருக்கு. கண்ணை மூடிக்கிட்டுதான் தாவறேன்."

"இதை மிஸ்கிட்ட சொன்னியா?"

"நீங்க சொல்லுங்க."

"நான் தராசு ஆளு. பீம் என் அதிகாரத்துல வராது."

"ஹூம். அந்தத் தராசு மட்டும் வந்துச்சாக்கும்," என்றாள். அவளுக்கு எப்படித் தெரிந்தது என்று தெரியவில்லை. எப்போதோ அம்மா சொல்லிக் கேட்டிருப்பாள்.

மறுநாள் அவளே மேடத்திடம் சொன்னாள். மேடம் என்னைத் தொலைபேசியில் அழைத்தார். "அந்தத் தாவல் இல்லன்னா மதிப்பெண் குறையும் சார். டீம்ல இடம் கிடைக்கறது கஷ்டம்." நான், "அவளுக்குத் தெரியும் மேடம்," என்றேன். மேடம் உடனே போனை வைக்கவில்லை. பிறகு, "கண்ணை மூடிக்கிட்டு தாவறாளாம் சார். நான் எப்படிக் கவனிக்காம விட்டேன்?" என்றார். நான் எதையெல்லாம் கவனிக்காமல் விட்டேன் என்று சொல்ல ஆரம்பித்தால் அவருக்குப் பயிற்சி நேரம் முடிந்துவிடும். விட்டுவிட்டேன்.

மேனேஜருக்கு முட்டை நின்றது. மூன்று நாள் எங்கள் ஸ்கூட்டர்முன் படுத்துப் போராட்டம் செய்தது. நாலாம் நாள் பூனையைத் துரத்தியதாகக் காவலாளி அண்ணன் சொன்னார். "பிடிக்கல சார். ஆனா துரத்தினான்."

தேர்வு நாளன்று காலை இரண்டு முட்டைகளையும் என் முன்னால் உட்கார்ந்து சாப்பிட்டாள். பதினான்கு ஊசி. நாலு உலுக்கல். தேர்ச்சி.

மாடியில் நானும் மைத்துனியும் முன்பெஞ்சில் உட்கார்ந்தோம். மற்ற கூடங்களிலிருந்தும் சேர்த்து இருபது பேர் போட்டி. ஆறு பேருக்கு இடம். பீமுக்கு என் பெண்ணின் முறை வந்தபோது மேடம் வழக்கம்போல அவள் காதருகே குனிந்தார். அவர் உதட்டசைவு கண்ணாடிக்கு இந்தப் பக்கத்திலிருந்தே புரிந்தது: அம்மா கடைசியா சொன்னதை நெனைச்சுக்கோ.

பெண்ணுக்குச் சிரிப்பு பீறிட்டது. அடக்கப் பார்த்தாள். முடியவில்லை. நடுவர்கள் முன்னால் கையை உயர்த்தி வணக்கம் வைக்கும்போதும் சிரித்துக்கொண்டே வைத்தாள். நடுவர்களில் ஒரு பெண்மணியும் காரணம் தெரியாமல் சிரித்துவிட்டார்.

பீமில் ஒரு முறை தள்ளாடினாள். விழவில்லை. பின்பக்கத் தாவல் வர வேண்டிய இடத்தில் ஒற்றைக்காலில் நின்று ஒரு முழுச் சுற்றுச் சுற்றினாள். கண்ணைத் திறந்துகொண்டு. தரையில் அவள் சுழன்றதைப் பார்த்தபோது அந்தப் பெயர் ஏன் வைக்கப்பட்டது என்று எனக்கு மறுபடி தெரிந்தது.

எட்டாவது இடம்.

"ரெண்டே ரெண்டு இடத்துல போச்சே," என்றாள் மைத்துனி. கைக்குட்டையைக் கசக்கிக்கொண்டிருந்தாள். "அக்கா ஆசை நிறைவேறலயே அத்தான். அந்தக் கழுதை என்னடான்னா பீம்ல ஏறும்போது பல்லைக் காட்டுது. அக்கா பேரைச் சொல்லி கோச் ஞாபகப்படுத்தினா சிரிக்கற புள்ளையை எங்கயாச்சும் பார்த்திருக்கீங்களா?"

"அன்னைக்கு நான் உன்கிட்ட சொன்னது பொய்."

"எது?"

"அவ கடைசியா சொன்னதுன்னு சொன்னது."

மைத்துனி கைக்குட்டையை மடியில் வைத்தாள். "நான் அதை நூறு பேர்கிட்ட சொல்லியிருக்கேன்."

"தெரியும்."

"என் மாமியார்கிட்ட சொல்லி அழுதிருக்கேன். அவங்களும் அழுதாங்க. எங்களுக்குள்ள சமாதானமே அதுலதான் ஆச்சு."

"அது நல்லதுதானே."

"பேச்சை மாத்தாதீங்க."

அதற்குள் பெண் மாடிப்படி ஏறி வந்துவிட்டாள். கையெல்லாம் வெள்ளைப் பொடி. தோளில் பை. பையிலிருந்து ஒரு பிஸ்கட் பொட்டலத்தை எடுத்துப் பிரித்து, சித்திக்கு இரண்டு கொடுத்தாள். எனக்கு ஒன்றை எடுத்தாள், யோசித்தாள், கொடுத்தாள்.

"ஒண்ணுதான். இனிமே கேக்கக் கூடாது," என்றாள். மறுபடி சிரிப்பு வந்துவிட்டது அவளுக்கு.

"அப்பாவும் பொண்ணும் சேர்ந்துக்கிட்டு என்ன நாடகம் போடறீங்க?" என்றாள் மைத்துனி. "அப்ப அக்கா நிஜமா என்னதான் சொன்னா?"

"சொல்லுங்கப்பா. அம்மா மாதிரியே சொல்லணும்."

சொன்னேன். சக்கரப் படுக்கையை உள்ளே தள்ளிக்கொண்டிருந்தார்கள். முந்தைய நாளிலிருந்து வெறும் வயிறு அவளுக்கு. கதவு பாதி மூடியபோது, ஏதோ ஞாபகம் வந்ததுபோலத் தலையைத் தூக்கினாள்.

"பையில இருக்கற பிஸ்கட்டை நீயே தின்னு தீர்த்துடாத. வந்ததும் எனக்குப் பசிக்கும்."